வஜ்ர அடுப்பும் நாயுடுவின் சூட்டுக் கணக்கும்

எங்கள் பழைய ஷாப்பில் நீராவி பாய்லர் வந்திருக்கிறது என்று கேள்விப்பட்டதும், வீட்டில் சும்மா உட்காரத் தெரியாத மனிதன் ஆகையால் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். தோல் பதனிடும் இடத்தை எங்கள் ஆம்பூர்ப் பக்கத்தில் ஷாப்பு என்றுதான் சொல்வோம். பாய்லரின் நெற்றியில் கடிகாரம் மாதிரி ஒரு வட்டம், அதில் ஒரு முள். முள் எங்கே நிற்கிறதோ அதுதான் சூடு. அதைப் பார்த்துக்கொண்டிருப்பதற்குச் சம்பளம் வாங்கும் இரண்டு இளைஞர்கள் எனக்கு ஸ்டூல் போட்டு உட்கார வைத்து, "அந்தக் காலத்துல சூட்ட இன்னா பண்ணி அளப்பீங்க தாத்தா? விரல உட்டா?" என்று கேட்டார்கள்.

தாத்தா என்றதை மன்னித்துவிட்டேன். விரலை விட்டா என்றதைத்தான் மன்னிக்க முடியவில்லை. காரணம், அது உண்மை. முதலில் விரலை விடுவோம், பிறகு கணக்குப் போடுவோம், கணக்கு சரிதானா என்று மறுபடியும் விரலை விடுவோம். ஆனால் நடுவில் இருந்த அந்தக் கணக்கு இருக்கிறதே, அதற்காக ஒரு மனிதன் திருடன் என்று பெயர் வாங்கினான். அதை அந்தப் பிள்ளைகளுக்குச் சொல்ல ஆரம்பித்தேன், பாதியில் சங்கு ஊதிவிட்டது. முழுவதையும் இங்கே எழுதிவிடுகிறேன்.

என் உத்தியோகம் இன்னதென்று விளக்குவது எப்போதும் கஷ்டம். பெண் பார்க்கப் போன இடத்தில் மாமனார், "மாப்பிள்ளைக்கு வேலை?" என்றார். "ஒரு பொருளைச் சூடாக்க எவ்வளவு நெருப்பு வேண்டும் என்று கணக்குப் போடுகிற வேலை" என்றேன். அவர் சமையலறைப் பக்கம் திரும்பிப் பார்த்தார். அந்த வேலையை அவர் வீட்டு அம்மாள் படிக்காமலேயே செய்துகொண்டிருந்தாள். எப்படியோ பெண்ணைக் கொடுத்துவிட்டார்.

வேலூரில் எஃப்.ஏ. பரீட்சையில் தவறி, வேறு யாரும் சேர்த்துக்கொள்ளாததால் ஷாப்பில் சேர்ந்தவன் நான். முதல் ஆறு மாதம் நாற்றம் பழகியது. அடுத்த ஆறு மாதம் அந்த நாற்றத்தோடு என்னை வீட்டுக்குள் விட வீட்டார் பழகினார்கள். குளிர்காலத்தில், தோல் ஊறுகிற ஆவாரம்பட்டைச் சாற்றுக் குழிகளை வெதுவெதுப்பாக வைக்கச் சொன்னபோது, ஆஸ்பத்திரிக் கம்பவுண்டரிடம் காய்ச்சல் பார்க்கும் தர்மாமீட்டரைக் கடன் வாங்கிக் குழியில் விட்டேன். அது ஏறினால் தானாக இறங்காது என்பது எனக்குத் தெரியாது. சாறு ஆறிப் பச்சைத் தண்ணீராகிவிட்ட பிறகும் குழிக்கு நூற்று மூன்று டிகிரி காய்ச்சல் என்றே சொல்லிக்கொண்டிருந்தேன். அன்றைக்குத்தான் ரங்கைய நாயுடு என்னைக் கூப்பிட்டு, "ஒரேய் குப்புசாமி, நீ பிழைப்பேடா. தப்பாயிருந்தாலும் ஒரே நம்பரைத் திருப்பித் திருப்பிச் சொல்ற தைரியம் எல்லாருக்கும் வராது" என்று தனக்குக் கீழே வைத்துக்கொண்டார்.

நாயுடு எங்கள் ஷாப்பின் மேனேஜர். சித்தூர்ப் பக்கத்துக்காரர். குட்டை உருவம், வெள்ளை வேட்டி, குளோஸ் கோட்டு, கோட்டுப் பையில் பொடி டப்பாவும் சுண்ணக்கட்டியும். காகிதத்தில் கணக்குப் போடமாட்டார். கதவு, தூண், பீப்பாய் மூடி, எது கிட்டத்தில் இருக்கிறதோ அதில் எழுதுவார். ஒரு தடவை வேலை மும்முரத்தில், குனிந்து தோல் சுரண்டிக்கொண்டிருந்த ஒருவன் முதுகில் இரண்டு வரி எழுதிவிட்டு, "அசையாதேடா, இன்னும் வகுக்கணும்" என்றார். அவன் அசையவில்லை. நாயுடு வகுத்தால் விடை சரியாக வரும் என்பதில் ஷாப்பில் எல்லாருக்கும் அவ்வளவு நம்பிக்கை.

அவர் எனக்குச் சொல்லிக் கொடுத்தது மொத்தமும் மூன்று கேள்வி. பொருள் எவ்வளவு எடை? எத்தனை டிகிரி ஏற வேண்டும்? அது எவ்வளவு பிடிவாதம்? இந்த மூன்றையும் பெருக்கினால் அந்தப் பொருளுக்கு வேண்டிய சூடு வந்துவிடும். புத்தகத்தில் அந்த மூன்றாவதற்கு வாயில் நுழையாத பெயர் ஒன்று உண்டு. நாயுடுவுக்கு அது பிடிவாதம்தான். "தண்ணிதான்டா உலகத்துலயே பெரிய பிடிவாதக்காரி. ஒரு ராத்தல் தண்ணி ஒரு டிகிரி ஏற ஒரு யூனிட்டுச் சூடு கேக்கும். செம்பு அதுல பத்துல ஒண்ணு கேக்கும். செங்கல்லு அஞ்சுல ஒண்ணு. செம்பு மாதிரி ஆளைக் கட்டிக்கிட்டவன் புண்ணியவான்" என்பார். அவர் கட்டிக்கொண்டவர் தண்ணீர் ஜாதி. குளிக்க வெந்நீர் போடுவதற்குக் கணக்குப்படி விறகை நிறுத்து வைத்துவிட்டு நாயுடு ஷாப்புக்கு வந்துவிடுவார். அந்த அம்மாள் அந்த விறகில் சோற்றை வடித்துவிட்டு, வேறு விறகு எடுத்து வெந்நீர் போட்டுக்கொள்வாள். இது ஊர் முழுக்கத் தெரியும், நாயுடுவுக்கு மட்டும் தெரியாது.

பெரிய யுத்தம் முடிந்து தோல் வியாபாரம் படுத்துக்கொண்ட சமயம், எங்கள் முதலாளி பெரிய சாயபு ஒரு யோசனை செய்தார். தோலிலிருந்து சுரண்டி எறியும் சவ்வையும் வெட்டித் தள்ளும் ஓரத்தையும் நாய்க்கும் காக்கைக்கும் விடுவானேன், காய்ச்சி வஜ்ரம் எடுக்கலாமே என்றார். வஜ்ரம் என்பது தச்சர்கள் மரத்தை ஒட்டுகிற பசை. கழுவிய சவ்வைத் தண்ணீரோடு செப்புக் கொப்பரையில் போட்டு, கொதிக்க விடாமல், ஆறவும் விடாமல், ஃபாரன்ஹீட்டில் நூற்றறுபது டிகிரியில் பகல் முழுக்க நிறுத்த வேண்டும். கொதித்தால் பசை ஒட்டாது. ஆறினால் பசையே வராது. பாலுக்குப் பக்கத்தில் நிற்கிற மாதிரி ஒருவன் நின்றுகொண்டே இருக்க வேண்டும்.

அதற்கு நாயுடு ஓர் அடுப்புக் கட்டினார். அடுப்பு என்று சொல்வது மரியாதைக் குறைவு, வேலூர்க் கோட்டையில் ஒரு துண்டை வெட்டி எடுத்துவந்து வைத்தது போல இருந்தது. இரண்டு முழக் கனத்தில் செங்கல் சுவர், புகைபோக்கி, அதற்கு ஒரு தடுப்புத் தகடு, பக்கவாட்டில் உட்காரத் தோதாக ஒரு மேடை. "மூணு கல்ல வச்சு எரிச்சா சூடு மூணு பக்கமும் ஓடும். இது இரும்புப் பெட்டி. உள்ள போன சூடு வெளிய வராது" என்று எங்களைச் சுற்றிச் சுற்றிக் காட்டினார். சுவர் முதல்முதலாகக் காய்வதற்கு நிறைய விறகு பிடித்தது. அதையும் அவர் கணக்குப் போட்டு வைத்திருந்தார். "அது ஒரு தடவைச் செலவு. கல்யாணச் செலவு மாதிரி" என்றார்.

நெருப்பைப் பார்த்துக்கொள்ள ஆசீர்வாதம் என்கிற ஆளைப் போட்டார்கள். ஒல்லியாக, உயரமாக, எப்போதும் கண் சிவந்து இருப்பான். புகையால்தான், வேறொன்றும் இல்லை. மிஷன் கோயிலில் காணிக்கைத் தட்டு எடுக்கிறவன். அவன் அடுப்பில் விறகு வைக்கிற அழகைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். ஒரு கட்டையைக் கையில் எடுத்து, அதைக் கொஞ்சம் யோசித்து, பிறகு உள்ளே தள்ளுவான். தர்மாமீட்டரில் நூற்றறுபது என்று நாயுடு கோடு கிழித்திருந்தார். அந்தக் கோட்டை விட்டு அவன் நெருப்பு இந்தப் பக்கம் அந்தப் பக்கம் நகர்ந்து நான் பார்த்ததில்லை.

இனி கணக்கு. கொப்பரையில் தண்ணீரும் சவ்வுமாக மூவாயிரம் ராத்தல். ஏற வேண்டியது எண்பது டிகிரி. காய்ந்த விறகு ராத்தலுக்கு ஆறாயிரம் யூனிட் கொடுக்கும், அதில் ஐந்தில் நாலு பங்கு புகைபோக்கி வழியாக ஆகாசத்துக்குப் போய்விடும், ஒரு பங்குதான் கொப்பரைக்கு. இதையெல்லாம் கழித்து, சூட்டை நாள் முழுக்க நிறுத்துவதற்கும் சேர்த்து, ஒரு நாளைக்கு நானூறு ராத்தல் விறகு என்று நாயுடு கொட்டகைக் கதவில் எழுதினார். வேலை நாள் வாரத்துக்கு ஐந்து. வெள்ளிக்கிழமை ஷாப்பே கிடையாது, முதலாளி வீட்டில் எல்லாரும் ஜும்மாவுக்குப் போவார்கள். ஞாயிற்றுக்கிழமை ஷாப்பு உண்டு, ஆனால் ஆசீர்வாதம் கோயிலுக்குப் போய்விடுவான், வேறு யாருக்கும் அந்த நெருப்புப் பிடிபடாததால் வஜ்ரக் கொட்டகை மட்டும் மூடி இருக்கும். ஆக வாரத்துக்கு இரண்டாயிரம் ராத்தல். விறகு ஏலகிரி அடிவாரத்திலிருந்து வண்டியில் வரும். சனிக்கு சனி நிறுத்துப் பார்ப்பது என் பொறுப்பு.

நிறுத்துப் பார்த்தால், வாரத்தில் செலவானது நாலாயிரத்துக்குக் கொஞ்சம் கம்மி. அடுத்த வாரமும் அப்படியே. விறகு ஈரமோ என்று ஒரு கட்டையை வெயிலில் காய வைத்துப் பார்த்தேன், சுக்காகத்தான் இருந்தது. தராசைச் சந்தேகப்பட்டு என்னையே அதில் நிறுத்துக்கொண்டேன். தராசு சொன்ன எடை எனக்குப் பிடிக்கவில்லை, ஆனால் தராசு சரி. ஆசீர்வாதத்தைக் கேட்டேன்.

"அடுப்பு கேக்குது, போடறேன் சார். கேக்காங்காட்டி போட மாட்டேன்" என்றான்.

அந்தப் பதிலை எந்தக் கதவில் எழுதுவது?

ஒரு திங்கட்கிழமை பெரிய சாயபு விறகுக் குவியலுக்கு முன்னால் வந்து நின்றார். நல்ல மனிதர்தான். கோபம் வந்தால் மட்டும் குரல் பாலாற்றைத் தாண்டிக் கேட்கும்.

"நாயுடு, உன் கணக்கு எவ்ளோ?"

"ரெண்டாயிரம், சாயபு."

"போறது எவ்ளோ?"

"கிட்டத்தட்ட டபுள்."

"அப்போ உன் கணக்கு தப்பு."

"கணக்கு சரி" என்றார் நாயுடு. அவ்வளவு வேகம் காட்டாமல் கொஞ்சம் யோசித்திருக்கலாம்.

"கணக்கு சரின்னா ஆளு சரியில்ல" என்று சாயபு ஆசீர்வாதத்தைப் பார்த்தார். "இன்னாப்பா, எந்தக் கடைக்குப் போட்ற? ஒத்தக் கட்ட ரெண்டு கட்டன்னா நான் கேக்கவே மாட்டேன். பாதிக்குப் பாதி ரொம்ப ஜாஸ்தி. நாயுடு, நான் மதராசுக்குப் போறேன், சனிக்கிழம வர்றேன். அதுக்குள்ள வெறகு எங்க போவுதுன்னு எனக்குத் தெரியணும். இல்லாங்காட்டி இவன் வீட்டுக்குப் போவணும்."

தோல் கழுவும் பெண்கள், சுண்ணாம்புக் குழி ஆட்கள், வண்டிக்காரர்கள் எல்லாரும் கேட்டார்கள். ஆசீர்வாதம் நாயுடுவைப் பார்த்தான். நாயுடு பொடி டப்பாவைத் தேடினார். எனக்கு அந்த இடத்தில் நிற்கவே கூசியது.

வேலை போனால் வேறு ஷாப்பு உண்டு. அவனுக்கு வந்த ஆபத்து அது இல்லை. அவன் மகள் மேரிக்குக் குடியாத்தத்தில் ஒரு தறிக்காரர் வீட்டில் மாப்பிள்ளை பார்த்து, கோயிலில் ஓலை வாசித்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் வழக்கத்தில், இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம், தடை இருந்தால் சொல்லுங்கள் என்று மூன்று ஞாயிறு சபையில் வாசிக்க வேண்டும். இரண்டு வாசித்தாயிற்று. மூன்றாவது வருகிற ஞாயிறு. சனிக்கிழமை அவனை விறகுத் திருடன் என்று வெளியே தள்ளினால், ஞாயிற்றுக்கிழமை சபையில் யாராவது இருமினால்கூட மாப்பிள்ளை வீட்டார் திரும்பிப் பார்ப்பார்கள்.

அன்று சாயங்காலம் அவன் என்னிடம் வந்து, "சார், நான் எடுக்கலன்னு நீங்களாச்சும் நம்புறீங்களா?" என்றான். நம்புகிறேன் என்று சொன்னேன். சொல்வதற்கு முன்னால் ஒரு விநாடி தாமதித்துவிட்டேன், அவன் அந்த விநாடியைக் கவனித்துவிட்டான்.

செவ்வாய்க்கிழமை முதல் நாயுடு காவலுக்கு வந்தார். விடிகிறபோதே ஒரு கூஜா காப்பியோடு வந்து அடுப்பு மேடையில் உட்கார்ந்துவிடுவார். மார்கழிக் குளிர், மேடை இதமாகச் சுடும், அதில் உட்கார்ந்தபடியே உள்ளே போகும் ஒவ்வொரு கட்டையையும் என்னை நிறுக்கச் சொன்னார். ஆசீர்வாதம் எப்போதும் போலக் கட்டையை எடுத்தான், யோசித்தான், தராசில் வைத்தான், உள்ளே தள்ளினான். சாயங்காலம் கூட்டிப் பார்த்தேன். நானூற்றுப் பத்து ராத்தல்.

புதன்கிழமை முந்நூற்றுத் தொண்ணூற்றைந்து. வியாழக்கிழமை நானூறு. கதவில் எழுதியபடி, பிசகாமல்.

நாயுடுவின் கணக்கு இவ்வளவு அழகாக ஜெயித்ததை நான் பார்த்ததில்லை. ஜெயித்த மனிதரின் முகம் இவ்வளவு வாடியதையும் பார்த்ததில்லை. ஏனென்றால் இதற்கு ஒரே ஓர் அர்த்தம்தான் இருந்தது. பார்த்துக்கொண்டிருந்தால் பாதி, பார்க்காவிட்டால் முழுசு. சுண்ணாம்புக் குழி ஆட்கள் அதைச் சத்தமாகவே பேசிக்கொண்டார்கள். வியாழக்கிழமை சாயங்காலம் ஆசீர்வாதம் வழக்கப்படி நெருப்பை வாரி, சாம்பலை அள்ளி, புகைபோக்கித் தகட்டைத் திறந்து வைத்தான். லீவு நாளில் கொட்டகையில் ஒரு கங்குகூட இருக்கக்கூடாது, பக்கத்தில் பட்டைக் கிடங்கு இருக்கிறது என்பது நாயுடு போட்ட உத்தரவு. மற்ற ராத்திரிகளில் கங்கின் மேல் சாம்பலை மூடி, தகட்டைச் சாத்திவிட்டுப் போவான். எல்லாம் முடித்துவிட்டு நாயுடுவிடம் வந்தான்.

"அய்யா, நீங்க ஒக்காந்தா வெறகு கம்மியா புடிக்குது. எனக்கே புரியல. சத்தியமா எனக்கே புரியல."

நாயுடு கூஜாவை எடுத்துக்கொண்டு போய்விட்டார். நானும் போனேன். வெள்ளிக்கிழமை முழுக்க, அவனை எந்த ஷாப்பில் சேர்த்துவிடலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அவன் திருடன்தான் என்று உள்ளுக்குள் முடிவு கட்டிவிட்டதால்தான் அந்த இரக்கம் வந்தது என்பது இப்போது புரிகிறது.

சனிக்கிழமையும் திங்கட்கிழமையும் பச்சைத் தோல் வண்டிகள் வரும் நாள். அந்த இரண்டு நாளும் நாயுடு காலையில் கிடங்கில் நின்று தோலைத் தட்டிப் பார்த்து எடுத்துக்கொண்டிருப்பார். மத்தியானத்துக்கு முன்னால் வஜ்ரக் கொட்டகைப் பக்கம் தலைகாட்டியதே இல்லை. அந்தச் சனிக்கிழமை மட்டும், காவலை முழுசாக முடித்துவிடுவோம் என்று, வண்டிகளைக் காக்க வைத்துவிட்டு விடியலில் கூஜாவோடு வந்தார். வந்தவர் பழக்கப்படி மேடையில் உட்கார்ந்தார்.

உட்கார்ந்த வேகத்தில் எழுந்துவிட்டார். வேட்டியின் பின்பக்கத்தைத் தடவிக்கொண்டே, "ஏன்டா ஜில்லுன்னு இருக்கு? தண்ணி ஊத்துனியா?" என்றார்.

"தண்ணி எதுக்கு அய்யா ஊத்தறேன்? நேத்து வெள்ளிக்கெழம இல்ல?" என்றான் ஆசீர்வாதம், சுள்ளி ஒடித்துக்கொண்டே.

நாயுடு நின்றபடியே இருந்தார். பிறகு மறுபடியும் உட்கார்ந்தார், இந்தத் தடவை மெதுவாக, வைத்தியர் நாடி பார்க்கிற மாதிரி. சுவரில் கையை வைத்தார். கன்னத்தை வைத்தார். "திங்கட்கிழமையும் இப்படித்தான் இருக்குமா?" என்றார்.

"ஆமா அய்யா. ஞாயித்துக்கெழமயும் நெருப்பு இல்லியே. இந்த ரெண்டு நாளு காலைல சனியன் தின்னுகினே இருக்கும். கொப்பர மெதுவாத்தான் ஏறும்."

"இதை ஏன்டா முன்னாடியே சொல்லல?"

"சொன்னேனே அய்யா. அடுப்பு கேக்குதுன்னு."

கதவு தூரம் என்று நாயுடு அடுப்புச் சுவரிலேயே எழுத ஆரம்பித்தார். செங்கல் மொத்தம் இருபதாயிரம் ராத்தல். பிடிவாதம் ஐந்தில் ஒன்று. அப்படியானால் நாலாயிரம் ராத்தல் தண்ணீருக்குச் சமம். கொப்பரையில் இருப்பதே மூவாயிரம்தான். அதுவும் தண்ணீர் எண்பது டிகிரி ஏறினால் போதும், நெருப்பைச் சுற்றி நிற்கிற செங்கல் அதைப்போல மூன்று மடங்கு, நாலு மடங்கு ஏறும். ஒரு தடவை சுவர் காய எவ்வளவு விறகு என்று வகுத்தார். தொள்ளாயிரம் ராத்தல் வந்தது. வாரத்துக்கு இரண்டு தடவை. ஆயிரத்தெண்ணூறு. சுண்ணக்கட்டி கையிலேயே ஒடிந்தது.

கொட்டகைக்குள் கண்ணுக்குத் தெரியாத இன்னொரு கொப்பரை இருந்திருக்கிறது. அதைக் கட்டியவர் நாயுடு. ஒரு தடவைச் செலவு என்று தள்ளுபடி செய்தவரும் அவரே. அவர் படித்த புத்தகத்தை எழுதிய ஊரில் அடுப்பை ஒரு தடவை மூட்டினால் வருஷக்கணக்கில் எரியும் போலிருக்கிறது. எங்கள் ஊரில் முதலாளி தொழுகைக்குப் போவார், நெருப்புக்காரன் கோயிலுக்குப் போவான், இரண்டுக்கும் நடுவில் செங்கல் ஆறிப்போகும். அந்த ஒரு தடவைச் செலவு எங்களுக்கு வாரம் இரண்டு தடவை வந்துகொண்டிருந்தது. பின்பக்கம் சில்லென்று ஆகாமல் இருந்திருந்தால் எங்கள் நாயுடு அதைக் கண்டுபிடித்திருக்கவே மாட்டார் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை.

பெரிய சாயபு மத்தியானம் ரயிலில் வந்து இறங்கி ஷாப்புக்குள் நுழைந்ததும், நாயுடு எல்லாரையும் விறகுக் குவியலுக்கு முன்னால் கூப்பிட்டார். திங்கட்கிழமை எங்கே சொன்னோமோ அங்கேதான் சொல்ல வேண்டும் என்று என்னிடம் சொல்லியிருந்தார். நல்ல எண்ணம்தான். ஆனால் எடை, ஏற்றம், பிடிவாதம் என்று முதலிலிருந்து ஆரம்பித்துவிட்டார். தண்ணீர் எப்படிப் பிடிவாதக்காரி என்று விளக்கினார். செம்புக்கு வந்தார். வெயில் மண்டையைப் பிளந்தது. ஒருவருக்கும் ஒன்றும் புரியவில்லை, சாயபு உட்பட. கடைசியில் சவ்வு கழுவும் கன்னியம்மா பொறுக்காமல் கூட்டத்தின் பின்னாலிருந்து கத்தினாள்.

"அய்யா, அந்தக் கதயெல்லாம் கெடக்கட்டும். அவன் எடுத்தானா, எடுக்கலியா? அத்தச் சொல்லு!"

நாயுடு நிறுத்தினார். "எடுக்கல" என்றார். "ஒரு சுள்ளிகூட எடுக்கல. அடுப்புச் சுவரு தின்னுட்டுது. நான் அதை எண்ணாம விட்டுட்டேன். தப்பு என்னுது."

ஆசீர்வாதம் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். அன்று புகையே இல்லை, இருந்தும் அவன் கண் நன்றாகச் சிவந்திருந்தது. எட்டி நின்ற சுண்ணாம்புக் குழி ஆட்களில் ஒருவன் வந்து அவனுக்குப் பீடி நீட்டினான்.

சாயபு வியாபாரி. அவர் மனசு அடுத்த படிக்குப் போய்விட்டது. "ஆசீர்வாதம், திங்கக்கெழம நான் பேசினத மனசுல வச்சுக்காத. வாய் பேஜார் புடிச்ச வாய். சரி நாயுடு, நெருப்பு அணஞ்சாத்தானே செங்கல்லு ஆறுது? அணயவே வாணாம். வெள்ளிக்கெழம நாங்க தொழப் போனா இன்னா, இவன் வந்து எரிக்கட்டும். ஞாயித்துக்கெழமயும் எரிக்கட்டும். வேற ஒரு நாளு லீவு எடுத்துக்கட்டும், அன்னிக்கு நீயும் குப்புசாமியும் பாத்துக்குங்க."

"வெள்ளிக்கெழம வர்றேன் சாயபு" என்றான் ஆசீர்வாதம். "ஞாயித்துக்கெழம முடியாது."

"அரே, நான் வெள்ளிக்கெழமய உட்டுக் குடுக்கறேன், நீ ஞாயித்துக்கெழமய உட்டுக் குடேன்."

"நீங்க உட்டுக் குடுக்கறது அடுப்போட வெள்ளிக்கெழமய, சாயபு. நீங்க தொழுகைக்குப் போவத்தான் போறீங்க. நான் கோயிலுக்குப் போவ வாணாமா? நாளைக்கு எம் பொண்ணுக்கு மூணாவது ஓல."

திருட்டுப் பட்டம் நீங்கி அரை மணி ஆகவில்லை, அதற்குள் முதலாளியிடம் இப்படிப் பேசுகிறானே என்று நாயுடுவின் பக்கம் திரும்பினேன். சாயபு தாடியைத் தடவிக்கொண்டு அவனையே பார்த்தார். அவர் மறுத்திருந்தால் அவன் அப்படியே துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போயிருப்பான். அதில் சந்தேகமே இல்லை.

"அப்போ ஞாயித்துக்கெழம அடுப்ப யாரு பாக்கறது?" என்றார் சாயபு.

"நான் பாக்கறேன்" என்றார் நாயுடு.

தமாஷ் என்று நினைத்து இரண்டு பேர் சிரித்தார்கள். நாயுடு சிரிக்கவில்லை. "அடுப்பு நான் கட்டினது" என்றார்.

மறுநாள் மேனேஜர் ரங்கைய நாயுடு குளோஸ் கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நெருப்புக்கு முன்னால் உட்கார்ந்தார். துணைக்கு நானும் போனேன், அவர் தன்னைக் கொளுத்திக்கொள்ளாமல் பார்த்துக்கொள்ள. சுவர் சூடாகத்தான் இருந்தது, சனிக்கிழமை ராத்திரி ஆசீர்வாதம் நெருப்பை வாராமல் சாம்பல் மூடிவிட்டுப் போயிருந்தான். ஆனால் நெருப்பு நாயுடுவின் பேச்சைக் கேட்கவில்லை. நூற்றைம்பதுக்கு இறங்கும், பயந்துபோய் நாலு கட்டையைத் திணிப்பார். நூற்றெழுபதுக்கு ஏறும், இரண்டு கட்டையை வெளியே இழுத்துத் தண்ணீர் தெளிப்பார். புருவத்தில் பாதி போயிற்று. அவ்வப்போது கதவில் இருந்த நானூறைத் திரும்பிப் பார்த்துக்கொண்டார், அது அவரைப் பார்த்துச் சிரிப்பது போல இருந்தது. தராசு பக்கத்திலேயே இருந்தும் நான் அதைத் தொடவில்லை. அவரும் தொடச் சொல்லவில்லை. மத்தியானம் ஆன பிறகு கோயில் பக்கத்திலிருந்து கன்னியம்மாவின் பேரன் ஓடிவந்து, ஓலை வாசித்தாயிற்று, யாரும் ஒன்றும் சொல்லவில்லை என்று சொல்லிவிட்டுப் போனான். நாயுடு அவனுக்குக் கூஜாவில் மிச்சமிருந்த காப்பியைக் கொடுத்தார்.

அப்புறம் ஷாப்பை விட்டுப் போகிற வரைக்கும் ஞாயிற்றுக்கிழமை அடுப்பு நாயுடுவுடையதுதான். கடைசிவரை அவருக்கு அந்த நெருப்புப் பிடிபடவில்லை. மேரியின் கல்யாணத்துக்கு எங்களைக் கூப்பிட்டதும், அங்கே சமையல்காரனிடம் போய் நாயுடு விறகைப் பற்றிப் பேசி விரட்டப்பட்டதும் வேறு சங்கதி. நான் சொல்ல வந்தது அந்த முதல் திங்கட்கிழமைக் காலையை.

ஆசீர்வாதம் வேலைக்கு வந்தான். நாயுடுவும் நானும் கொட்டகையில் இருந்தோம். அவன் அடுப்புக்குள் எட்டிப் பார்த்தான், மேடையைத் தொட்டுப் பார்த்தான், பிறகு வெளியே போய் விறகுக் குவியலுக்கு முன்னால் நின்றான். எப்படியும் எழுநூறு ராத்தலாவது குறைந்திருக்கும், கண்ணால் பார்த்தாலே தெரிந்தது. குவியலையும் நாயுடுவின் பாதிப் புருவத்தையும் மாறி மாறிப் பார்த்தான். கழுவும் பெண்களும் கையை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள்.

"இன்னா அய்யா, வெறகு ரொம்பக் கம்மியா கீது? எந்தக் கடைக்குப் போட்டீங்க?"

கன்னியம்மா முதலில் சிரித்தாள், பிறகு எல்லாரும். நாயுடுவின் முகம் செக்கச் செவேல் என்று ஆகிவிட்டது. அத்தனை வருஷத்தில் அவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை.

"எல்லாம் அடுப்புக்குள்ளதான்டா போச்சு. நம்பலன்னா குப்புசாமியைக் கூப்பிட்டுச் சாம்பலை நிறுத்துப் பாரு" என்றார். பாதி கோபம், பாதி கெஞ்சல்.

ஆசீர்வாதம் குனிந்து ஒரு கட்டையை எடுத்தான். வழக்கம் போல அதைக் கொஞ்சம் யோசித்தான்.

"எதுக்கு அய்யா நிறுத்துப் பாக்கணும்?" என்றான். "அதான் நீங்க சொல்றீங்களே."

சொல்லிவிட்டு அடுப்புக்குப் போய்விட்டான்.